கோட்ஸ் கெயோர்கே: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

யார் இந்தக் கோட்ஸ் கெயோர்கே?

ஜெர்மன் நடிகர். 1938 ஜூலை 23 அன்று பெர்லினில் பிறந்தார். 2016 ஜூன் 19 அன்று ஹாம்பர்கில் காலமானார். மேடை, சினிமா, தொலைக்காட்சி என்று அறுபது வருடங்களுக்கும் மேல் ஓயாமல் நடித்தவர். ஹாலிவுட் பக்கம் போகாததால் வெளிநாடுகளில் பெயர் அவ்வளவாகப் பரவவில்லை. ஜெர்மனியிலோ நிலைமையே வேறு. எண்பதுகளில் டிவி பார்த்து வளர்ந்த யாரிடமும் 'ஷிமான்ஸ்கி' என்று சொன்னால் போதும், முகம் மலர்ந்துவிடும். அந்தப் போலீஸ்காரர் வேடம்தான் இவரை வீட்டுக்கு வீடு கொண்டுபோய்ச் சேர்த்தது. ஆனால் ஓடுகிற, பாய்கிற, அடிக்கிற கெயோர்கேயைவிட ஒரே இடத்தில் உட்கார்ந்து பேசுகிற கெயோர்கே இன்னும் பெரிய நடிகர் என்பது என் உறுதியான எண்ணம்.

அப்பாவும் நடிகரா?

நடிகர்தான், அதுவும் சாதாரண நடிகர் இல்லை. ஹைன்ரிஷ் கெயோர்கே அந்தக் காலத்து ஜெர்மன் மேடையின் மலை. 'மெட்ரோபோலிஸ்' பார்த்தவர்களுக்கு இயந்திரக் கூடத்தின் தலைமைத் தொழிலாளி நினைவிருக்கும், அது அவர்தான். 1931இல் வந்த 'பெர்லின் அலெக்சாண்டர்பிளாட்ஸ்' படத்தின் நாயகனும் அவரே. அம்மா பெர்ட்டா ட்ரெவ்ஸும் மேடை நடிகை. பல வருடங்கள் கழித்து, 1979இல் வந்த 'டின் டிரம்' படத்தில் வயதான பாட்டியாக வருவது அவர்தான்.

அப்பாவின் கதையில் பெருமையும் உண்டு, கறையும் உண்டு. 1933க்கு முன்பு இடதுசாரி நாடகக்காரர்களோடு வேலை செய்தவர், நாஜிகள் வந்த பிறகு அவர்களுடைய பிரச்சாரப் படங்களில் நடித்தார். 1940இல் வந்த, யூதர்கள் மீது விஷம் கக்கிய 'யூட் சூஸ்' படத்திலும் இருக்கிறார். 1938 முதல் பெர்லின் ஷில்லர் தியேட்டரின் தலைவராகவும் இருந்தார். அங்கே ஆட்சிக்கு ஆகாத சில கலைஞர்களுக்கு வேலை கொடுத்துக் காப்பாற்றினார் என்பதும் உண்மை. போர் முடிந்ததும் சோவியத் படை அவரைக் கைது செய்தது. முகாமிலும் சக கைதிகளை வைத்து நாடகம் போட்டார். 1946 செப்டம்பர் 25 அன்று சாக்சன்ஹவுசன் முகாமில் இறந்துபோனார். 1998இல் ரஷ்ய அதிகாரிகள் அவர் மீதான குற்றச்சாட்டுகளை நீக்கினார்கள்.

அப்பா இறந்தபோது கோட்ஸுக்கு எட்டு வயது. அப்பாவுக்கு மிகவும் பிடித்த வேடம் கோதேயின் நாடகத்தில் வரும் கோட்ஸ் ஃபொன் பெர்லிஷிங்கன் என்கிற வீரன். மகனுக்கு அந்தப் பெயரையே வைத்தார். பிறக்கும்போதே ஒரு வேடத்தின் பெயர், அதுவும் அப்பா ஆடிய வேடத்தின் பெயர்! இந்தப் பிள்ளை நடிக்க வந்தால் ஊர் யாரோடு ஒப்பிடும் என்று தனியாகச் சொல்ல வேண்டியதில்லை.

நடிக்க வந்தது எப்போது?

1950இல், பெர்லின் ஹெபல் தியேட்டர் மேடையில், வில்லியம் சரோயனின் ஒரு நாடகத்தில் சிறுவனாக. சினிமாவுக்கு வந்தது 1953இல். அந்தப் படத்தில் அவரோடு அறிமுகமான இன்னொரு முகம் ரோமி ஷ்னைடர். பின்னாளில் ஐரோப்பா முழுக்கக் கொண்டாடிய நட்சத்திரம், அப்போது பள்ளிக்கூட வயதுப் பெண்.

முறையாகப் பயிற்சி எடுத்தாரா?

பெர்லினில் எல்ஸ பொங்கர்ஸ் என்கிற ஆசிரியையிடம் நடிப்பு படித்தார். அதைவிட முக்கியமானது 1958 முதல் 1963 வரை கோட்டிங்கன் நகர நாடக அரங்கில் இருந்த காலம். அங்கே தலைவர் ஹைன்ஸ் ஹில்பெர்ட், பழைய பெர்லின் மரபில் வந்த பெரிய இயக்குநர். தன் உண்மையான குரு அவர்தான் என்று கெயோர்கே பிற்காலத்திலும் சொல்லிவந்தார்.

ஜெர்மன் நகர அரங்கு முறையைப் பற்றி இங்கே ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். அங்கே நடிகர் மாதச் சம்பளத்துக்கு இருப்பார். ஒரே பருவத்தில் பல நாடகங்கள் மாறி மாறி நடக்கும். இன்றைக்கு நாயகன், நாளைக்கு இரண்டு வரி வேலைக்காரன். பகலில் புது நாடகத்துக்கு ஒத்திகை, இரவில் பழைய நாடகம். குரலும் உடம்பும் மனப்பாடமும் உறுதிப்படுவது இந்த உழைப்பில்தான். கோட்டிங்கனை விட்ட பிறகு எந்த அரங்கிலும் நிரந்தரமாக அவர் சேரவில்லை. ஆனால் மேடையை விடவும் இல்லை.

அறுபதுகளில் கௌபாய் படங்களில் நடித்தாராமே?

ஆமாம். கார்ல் மே என்கிற ஜெர்மன் எழுத்தாளரின் செவ்விந்தியக் கதைகள் அங்கே தலைமுறை தலைமுறையாகப் படிக்கப்பட்டவை. 1962இல் 'வெள்ளி ஏரியின் புதையல்' என்கிற கதை படமாகி வசூலை அள்ளியது. அமெரிக்க மேற்குப் பகுதி என்று காட்டப்பட்டது அன்றைய யுகோஸ்லாவியா. அதில் இளைஞன் ஃப்ரெட் எங்கலாக வந்தார் கெயோர்கே. குதிரையேற்றம், சண்டை எல்லாவற்றையும் டூப் போடாமல் தானே செய்தார். இந்தப் பிடிவாதம் கடைசிவரை போகவில்லை.

படங்கள் கலகலப்பாக இருக்கும், அவ்வளவுதான். அந்தக் காலத்து கெயோர்கேயைப் பார்க்க வேண்டுமென்றால் வோல்ஃப்காங் ஷ்டவுட்ட இயக்கிய 'கிர்மெஸ்' (1960) பாருங்கள். போரின் கடைசிக் கட்டத்தில் ராணுவத்தை விட்டு ஓடிவந்து சொந்த ஊரில் ஒளியப் பார்க்கும் பையன். ஊரில் அத்தனை பேரும் தெரிந்தவர்கள், ஒருவரும் கதவு திறக்கத் துணியவில்லை. போர் முடிந்து பதினைந்தே வருடத்தில் இதைப் படமாக எடுக்க ஜெர்மனியில் பெரிய துணிச்சல் வேண்டியிருந்தது. பயத்தில் இறுகிப்போன அந்த இளம் முகத்தில் பின்னால் வரப்போகும் நடிகர் தெரிகிறார்.

எழுபதுகளில் என்ன ஆனார்?

ஃபாஸ்பிண்டர், வெண்டர்ஸ், ஹெர்சோக் என்று இளம் இயக்குநர்களால் ஜெர்மன் சினிமாவில் புது அலை வந்த காலம் அது. அந்த அலையின் முக்கியப் படங்களில் இவர் முகம் இல்லை. மேடையும் தொலைக்காட்சி வேடங்களுமாகக் காலம் போனது.

நடுவில் ஒரு படம், 1977இல் தியோடோர் கொட்டுல்லா இயக்கியது. ஆஷ்விட்ஸ் முகாமின் தளபதி ருடோல்ஃப் ஹோஸின் வாழ்க்கை, பெயரை மட்டும் ஃப்ரான்ஸ் லாங் என்று மாற்றி. கெயோர்கே அதில் உறுமவே இல்லை, முறைக்கவும் இல்லை. நேரம் தவறாத, சொன்னதைச் செய்யும், கோப்புகளை ஒழுங்காக வைக்கும் ஓர் அதிகாரியாக இருக்கிறார். மக்களைக் கொல்லும் வேலையைப் பற்றி, தொழிற்சாலையில் உற்பத்தியைக் கூட்டுவது எப்படி என்று யோசிக்கிற குரலில் பேசுகிறார். வழக்கமான நாஜி வில்லனை எதிர்பார்த்து உட்காருபவருக்கு வயிற்றைக் கலக்கும்.

'டாட்டோர்ட்' என்றால் என்ன?

ஜெர்மனியின் பொதுத் தொலைக்காட்சியான ஏஆர்டி 1970 முதல் நடத்திவரும் துப்பறியும் தொடர். ஞாயிறு இரவு 8.15க்கு ஒளிபரப்பாகும், ஒவ்வொன்றும் ஒன்றரை மணி நேர முழுப் படம். ஏஆர்டியில் சேர்ந்துள்ள ஒவ்வொரு மாநில ஒளிபரப்பு நிறுவனமும் தன் பகுதியில் நடக்கிற கதையை, தன் துப்பறிவாளரை வைத்து எடுக்கும். அதனால் ஒரு வாரம் ஹாம்பர்க், அடுத்த வாரம் மியூனிக். மறுநாள் அலுவலகத்தில் பேச்சே அதுதான். ஷிமான்ஸ்கி வந்தது இந்தத் தொடரில்தான்.

சரி, ஷிமான்ஸ்கி அப்படி என்ன புதுமை?

அவருக்கு முன்னால் மேற்கு ஜெர்மன் ஒளிபரப்பு நிறுவனத்தின் ஆள், எஸன் நகரத்து ஆய்வாளர் ஹாஃபர்காம்ப். கோட்டு சூட்டு, அளந்த பேச்சு, மரியாதையான மனிதர். மக்களுக்கு அவரைப் பிடித்திருந்தது. அவர் போன பிறகு அதே நேரத்தில், 1981 ஜூன் 28 அன்று, 'டூஸ்பர்க்-ரூரோர்ட்' என்கிற படம் வந்தது.

தொடக்கக் காட்சியைச் சொல்லிவிடுகிறேன். ஜன்னலுக்கு வெளியே டூஸ்பர்க், புகை மண்டிய தொழில் நகரம். உள்ளே அலங்கோலமான சமையலறை, கழுவாத பாத்திரங்கள். ஆம்லெட் போடச் சுத்தமான வாணலி இல்லை. மனிதர் முட்டைகளைக் கண்ணாடி டம்ளரில் உடைத்து அப்படியே குடிக்கிறார். மேலே ஒரு வெளிறிய ராணுவ ஜாக்கெட்டை மாட்டிக்கொண்டு தெருவில் இறங்கினால், தெரிந்த ஒருவர் மாடியிலிருந்து டிவி பெட்டியைத் தூக்கி வீசுகிறார். ஷிமான்ஸ்கி திட்டுகிறார், அதுவும் நாம் இங்கே அச்சில் போடத் தயங்கும் வார்த்தையில். நாட்டின் மிக மரியாதையான டிவி நேரத்தில் ஒரு போலீஸ் அதிகாரி இப்படி அறிமுகமானதும் வீடுகளில் பலருக்குத் தூக்கிவாரிப் போட்டது.

ஹோர்ஸ்ட் ஷிமான்ஸ்கி உழைப்பாளிகள் குடியிருப்பிலிருந்து வந்தவர். குடிப்பார், அடிப்பார், அழுவார், காதலில் தோற்பார், மேலதிகாரியிடம் எரிந்து விழுவார். எளியவர்களிடம் மட்டும் மனம் இளகும். எண்பதுகளில் டூஸ்பர்க் இருக்கும் ரூர் தொழிற்பகுதியில் சுரங்கமும் இரும்பு ஆலையும் மூடத் தொடங்கியிருந்தன, ஆயிரக்கணக்கான குடும்பங்கள் வேலை போகுமோ என்று நடுங்கின. அந்த மக்களுக்கு டிவியில் தங்கள் பாஷை பேசுகிற ஒருவர் கிடைத்தார். குற்றவாளியைப் பிடிப்பது ஒரு பக்கம் இருக்க, மூடப்பட்ட ஆலைகளும் மதுக்கடைகளும் துறைமுகத்துக் கிரேன்களும் கதைக்குள்ளேயே வந்து உட்கார்ந்துகொண்டன. அந்த ஜாக்கெட்டுக்கே ஜெர்மனியில் இன்றுவரை 'ஷிமான்ஸ்கி ஜாக்கெட்' என்றுதான் பெயர்.

இயக்குநர் ஹாயோ கீஸின் பங்கும் இதில் பெரிது. பாத்திரத்தை உருவாக்கியவர்களில் அவரும் ஒருவர், தொடரின் பல படங்களை இயக்கியதும் அவரே.

கூட ஒருவர் மீசையோடு வருவாரே?

கிறிஸ்டியான் தான்னர். நடித்தவர் எபர்ஹார்ட் ஃபைக். இவர் இல்லாமல் ஷிமான்ஸ்கி பாதிதான். டை கட்டிய, விதியை மதிக்கிற, எரிச்சல்படுகிற தான்னர் பக்கத்தில் நின்றால்தான் ஷிமான்ஸ்கியின் முரட்டுத்தனத்துக்கு அர்த்தம் வரும். இருவரும் கத்திக்கொள்ளும் காட்சிகளில் பல வருட நட்பு தெரியும். ஃபைக் 1994இல் மாரடைப்பில் இறந்துவிட்டார். அதன்பின் வந்த கதைகளில் அந்த வெற்றிடத்தை யாராலும் நிரப்ப முடியவில்லை.

டூஸ்பர்க் மக்கள் என்ன சொன்னார்கள்?

முதலில் கோபம். ஊரை அழுக்காகவும் ரவுடிகள் வாழும் இடமாகவும் காட்டுகிறார்கள், நகரத்தின் பெயர் கெடுகிறது என்று அரசியல்வாதிகளும் உள்ளூர்ப் பத்திரிகைகளும் குதித்தார்கள். போகப் போக அதுவே பெருமையானது. 2014இல் ரூரோர்ட் துறைமுகப் பகுதியில் ஒரு சந்துக்கு 'ஹோர்ஸ்ட் ஷிமான்ஸ்கி சந்து' என்று பெயரும் வைத்தாயிற்று.

மொத்தம் எத்தனை ஷிமான்ஸ்கி படங்கள்?

'டாட்டோர்ட்' வரிசையில் 1981 முதல் 1991 வரை 29. இவற்றில் இரண்டு, 1985இலும் 1987இலும், முதலில் திரையரங்குகளில் வெளியானவை. 1991 டிசம்பர் 29 அன்று வந்த கடைசிப் படத்தின் முடிவில் ஷிமான்ஸ்கி ஹாங் கிளைடரில் தொங்கியபடி டூஸ்பர்க் மேலே பறந்து, முதல் படத்தில் திட்டிய அதே வார்த்தையை வானத்தைப் பார்த்துக் கத்துவார். அப்புறம் 1997இல் 'ஷிமான்ஸ்கி' என்றே தனித் தொடராகத் திரும்பி வந்தது. போலீஸ் வேலை போய், வயதான ஷிமான்ஸ்கி. 2013 வரை 17 படங்கள். பழைய வேகம் இல்லை, ஆனால் மூட்டு வலிக்கிற மனிதரை மூட்டு வலியோடே காட்டியது எனக்குப் பிடிக்கும்.

ஒரே வேடத்தில் மாட்டிக்கொண்டார் என்று சொல்லலாமா?

சொல்லக் கூடாது. ஷிமான்ஸ்கி உச்சத்தில் இருந்தபோதே அவர் என்னென்ன செய்தார் என்று பார்த்தால் புரியும். 1984இல் 'அப்வேர்ட்ஸ்', வெள்ளிக்கிழமை மாலை அலுவலகக் கட்டடத்து லிஃப்டில் நான்கு பேர் சிக்கிக்கொள்ளும் கதை. இவர் அதில் தன் வயதை ஒப்புக்கொள்ளாமல் வீறாப்புக் காட்டும் விளம்பரத் துறை ஆள். 1988இல் டொமினிக் கிராஃப் இயக்கிய 'டீ காட்ஸ'. டூசல்டார்ஃபில் ஒரு வங்கிக் கொள்ளை, எதிரே ஹோட்டல் மாடியில் உட்கார்ந்து அதை நடத்துகிற மூளை இவர். 1989இல் கிழக்கு ஜெர்மனியின் அரசு நிறுவனமான டெஃபாவுக்காக ஃப்ராங்க் பையர் எடுத்த 'டேர் ப்ரூக்' படத்திலும் நடித்தார். மேற்கின் நட்சத்திரம் கிழக்குப் படத்தில் என்பது அந்தக் காலத்தில் சாதாரண விஷயம் இல்லை. அதே ஆண்டு தொடங்கிய டிவி படங்களில், மேற்கில் ஒருவரும் கிழக்கில் ஒருவருமாக வளர்ந்த இரட்டைச் சகோதரர்களாக வந்தார்.

1992இல் ஹெல்முட் டீட்லின் 'ஷ்டோங்க்!'. 1983இல் 'ஷ்டெர்ன்' பத்திரிகை ஹிட்லரின் நாட்குறிப்புகள் கிடைத்துவிட்டதாக அறிவித்து, அவை போலி என்று தெரிந்து தலைகுனிந்தது. அந்த நிஜச் சம்பவத்தை வைத்து எடுத்த நையாண்டிப் படம். நாஜித் தளபதி கோரிங்கின் பழைய உல்லாசப் படகை வாங்கி அதில் கனவு காண்கிற நிருபர் ஹெர்மான் வில்லியே, கெயோர்கே. போலி என்று தெரிய வேண்டிய இடத்திலெல்லாம் நம்பவே ஆசைப்படுகிற மனிதரின் வியர்வை, பரபரப்பு, பளபளக்கும் கண்கள்! படம் ஆஸ்கருக்குச் சிறந்த வெளிநாட்டுப் படப் பிரிவில் பரிந்துரையானது.

இவருடைய மிகச் சிறந்த நடிப்பு எது?

'டேர் டோட்மாஹர்', 1995. ரொமுவால்ட் கார்மாக்கர் இயக்கியது. இதற்கு வெனிஸ் திரைப்பட விழாவில் சிறந்த நடிகருக்கான வோல்பி கோப்பை கிடைத்தது. ஜெர்மன் திரைப்பட விருதும் வந்தது.

ஹனோவரில் ஃப்ரிட்ஸ் ஹார்மான் என்பவன் இளைஞர்களைக் கொன்றுவந்தான். 1924இல் பிடிபட்டான், 24 கொலைகளுக்காக மரண தண்டனை விதிக்கப்பட்டது, 1925இல் தலை வெட்டப்பட்டது. விசாரணைக்கு முன்பு கோட்டிங்கனைச் சேர்ந்த மனநல மருத்துவர் எர்ன்ஸ்ட் ஷூல்ட்ச அவனைப் பல வாரங்கள் பரிசோதித்தார். பேசியதெல்லாம் எழுத்தர் எடுத்த குறிப்பாக அப்படியே இருக்கிறது. படத்தின் வசனம் அந்தக் குறிப்புகளிலிருந்து எடுத்ததுதான். ஓர் அறை, ஒரு மேசை, மருத்துவராக யூர்கன் ஹென்ட்ஷ், மூலையில் எழுத்தர், எதிரே ஹார்மான். ஏறக்குறைய இரண்டு மணி நேரம் கேமரா அந்த அறையை விட்டுப் போவதில்லை. ஒரு கொலையைக்கூடக் காட்டுவதில்லை.

ஒட்ட வெட்டிய தலை, சின்ன மீசை. பேராசிரியர் பள்ளிக்கூடத்துக் கேள்வி மாதிரி ஏதோ கேட்கிறார். சரியாகச் சொல்லிவிட்டால் குழந்தை போல மகிழ்கிறான். தெரியாவிட்டால் முகம் சுருங்கிச் சிணுங்குகிறான். பேராசிரியர் தன்னை மெச்ச வேண்டும் என்று தவிக்கிறான். அப்புறம், உடல்களை என்ன செய்தாய் என்கிற கேள்வி வருகிறது. தெரிந்த வேலையை விளக்கும் ஆர்வத்தோடு கைகளால் காற்றில் செய்து காட்டத் தொடங்குகிறான். அந்தக் கைகளைப் பாருங்கள். குரலில் வெறி கிடையாது. பார்க்கிற நமக்கு ஒரு நொடி அவன் மேல் இரக்கம் வந்துவிடுகிறது. அடுத்த நொடி யார் மேல் இரக்கப்பட்டோம் என்பது உறைக்கிறது. இந்த இரண்டையும் ஒரே மூச்சில் வரவழைக்கிறார் கெயோர்கே. பத்து வருடம் கார் மேல் குதித்தவர், ஓர் அறைக்குள் இருந்தபடியே இதைச் செய்கிறார்.

இருண்ட மனிதர்களின் வேடங்களை ஏன் திரும்பத் திரும்ப எடுத்தார்?

ஹோஸ், ஹார்மான் மட்டுமில்லை. 1999இல் ஆஷ்விட்ஸ் மருத்துவர் மெங்கலேயாகவும் நடித்தார். முதிய மெங்கலே உயிரோடு ஜெர்மனிக்குத் திரும்பி நீதிமன்றத்தில் நின்றால் என்ற கற்பனைக் கதை. படம் முழுதாக வெற்றிபெறவில்லை, அவர் நடிப்பில் குறையில்லை.

காரணம் அப்பாவின் வரலாறு என்று நினைக்கிறேன். மேடையில் ஒளிவீசிய, வீட்டில் அன்பான ஒரு மனிதர் கொடிய ஆட்சிக்குத் துணைபோனார் என்பதை நெஞ்சில் சுமந்து வளர்ந்தவருக்கு, தீமை செய்கிறவர்கள் கொம்பு முளைத்தவர்கள் இல்லை என்று தெரிந்திருக்கும். அதனால்தான் இந்த வேடங்களில் அவர் அரக்கர்களை நடிக்கவில்லை, மனிதர்களை நடித்தார்.

அப்பாவின் வேடத்தில் அவரே நடித்தாராமே?

ஆம். 2013இல் யோவாஹிம் லாங் இயக்கிய 'கெயோர்கே' என்ற டிவி படம், அவருடைய 75வது பிறந்தநாளை ஒட்டி ஒளிபரப்பானது. சோவியத் அதிகாரிகள் முன்னால் விசாரணைக்கு உட்கார்ந்திருக்கும் அப்பாவாக அவர். நடுநடுவே கோட்ஸாகவே அண்ணன் யானோடும் அப்பாவை அறிந்தவர்களோடும் பேசுகிறார். அப்பா இறந்த வயதைவிட மகனுக்கு அப்போது இருபது வயதுக்கு மேல் அதிகம். அப்பாவை நியாயப்படுத்த மகன் எடுத்த படம் என்று சிலர் குறை சொன்னார்கள். அப்பாவின் பக்கம் சாய்கிற இடங்கள் உண்டு, மறுக்க முடியாது. ஆனாலும் விசாரணைக் காட்சிகளில் அந்தக் கனத்த உடம்பு கொஞ்சம் கொஞ்சமாகத் தளர்வதைப் பார்த்துவிட்டு இதை வெறும் வக்காலத்து என்று என்னால் ஒதுக்க முடியவில்லை.

பத்திரிகைக்காரர்களோடு ஏன் ஆகாது?

சொந்த வாழ்க்கையைப் பற்றிப் பேச மாட்டார், விருந்து விழாக்களுக்கும் வர மாட்டார். படத்தைப் பற்றிக் கேளுங்கள் என்பார். 1998இல் நாடே பார்க்கும் ஒரு நேரலை நிகழ்ச்சியில், புதுப் படத்தைப் பற்றிப் பேச்சு ஒழுங்காகப் போகவில்லை என்று தொகுப்பாளர் தாமஸ் கோட்ஷால்க்குடன் உரசிக்கொண்டது பெரிய செய்தியானது. ஓய்வென்றால் இத்தாலியின் சார்டினியா தீவு, கடல், நீச்சல்.

கடைசி நாட்கள்?

2014இல் ஜெர்மன் அரசு சிறப்பு விருது அளித்தது. 2016இல் சிறிது காலம் உடல்நலமில்லாமல் இருந்து, 77 வயதில் காலமானார். நெருங்கியவர்கள் மட்டும் கூடி விடைகொடுத்தார்கள். ஒரு வாரம் கழித்துத்தான் செய்தியே வெளியே வந்தது. வாழ்ந்த மாதிரியே.

எதிலிருந்து பார்க்கத் தொடங்கலாம்? ஜெர்மன் தெரிய வேண்டுமா?

'டீ காட்ஸ' முதலில். பரபரப்பான படம், பாதிக் கதை கண்ணாலேயே புரியும். பிறகு முதல் ஷிமான்ஸ்கி, 'டூஸ்பர்க்-ரூரோர்ட்'. 'ஷ்டோங்க்!' பார்ப்பதற்கு முன் ஹிட்லர் நாட்குறிப்பு விவகாரத்தைக் கொஞ்சம் படித்துக்கொண்டால் சிரிப்பு கூடும். 2003இல் வந்த 'மைன் ஃபாட்டர்' என்ற டிவி படத்தையும் விடாதீர்கள். மறதி நோய் வந்த அப்பா மகன் வீட்டில் தங்க வருகிறார். வீட்டில் வயதானவர்களைப் பார்த்துக்கொண்டவர்கள் கர்ச்சீப்பைப் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

'டேர் டோட்மாஹர்' படத்தைச் சப்டைட்டில் இல்லாமல் தொடாதீர்கள், அது முழுக்க முழுக்கப் பேச்சு. ஒரே மூச்சில், இடையில் நிறுத்தாமல், வீட்டில் குழந்தைகள் தூங்கிய பிறகு பாருங்கள்.